தரம் பார்க்க வந்தவர்

கண்ணாடிச் சுவருக்கு அப்பால் வெள்ளைக் கோட்டோடு நின்ற ராகுலனைக் கண்டதும் அருள்நாயகத்துக்கு வயிற்றில் பால் வார்த்த மாதிரி இருந்தது. மாப்பிள்ளை கெமிஸ்ற் என்று புரோக்கர் சொன்னது பொய்யில்லை.

மகள் துவாரகாவுக்கு மாப்பிள்ளை வீட்டார் தாங்களாகவே கேட்டு வந்த சம்பந்தம். சாதகமும் பொருந்தியிருந்தது. ஆனாலும் நேரில் விசாரிக்காமல் அவர் குடும்பத்தில் பெண் கொடுத்ததில்லை. அதனால்தான் சொல்லாமல் கொள்ளாமல் ரொறன்ரோவின் மில்லிக்கன் பகுதியில் மாப்பிள்ளை வேலை செய்த இரசாயனக் கம்பனிக்கே வந்துவிட்டார்.

துவாரகாவின் தகப்பன் என்றதும் ராகுலனின் முகம் மாறியது. பிறகு அவருக்குக் காப்புக் கண்ணாடி மாட்டி உள்ளே கூட்டிப் போனான். மேசை நிறைய மண்ணிறப் போத்தல்கள்.

"உது என்ன தம்பி?"

"வெள்ளி நைத்திரேற்று, அங்கிள். வெளிச்சம் பட்டால் பழுதாப்போகும்."

அந்தத் தூளில் முகம் பார்க்கும் கண்ணாடி செய்யப் போவது ஒரு தரம், ஆய்வுகூடத்துக்குப் போவது அதைவிடச் சுத்தம், மருந்துக்குப் போவது எல்லாவற்றுக்கும் மேல் என்று விளங்கப்படுத்தினான். ஒன்றுக்குப் போட்ட கரண்டியை மற்றதற்குப் போடக்கூடாதாம். அருள்நாயகத்துக்கு அது பிடித்திருந்தது. தராதரம் பார்ப்பதில் என்ன பிழை?

கையுறைக்கு மேலே அவன் மணிக்கட்டில் கறுப்புப் புள்ளிகள். தூள் பட்ட இடம் பிறகுதான் கறுக்கும், தோல் உரியும்வரை போகாது என்றான்.

"என்ர மகளின்ர விரலிலயும் உது இருக்கு. யூனிவேர்சிற்றியில பார்மசி படிக்கிறாள். வாற போற ஆக்களுக்கெல்லாம் காட்டுறனான்."

ராகுலன் தலை குனிந்தான்.

"நான் கெமிஸ்ற் இல்லை, அங்கிள். நிறுத்துப் போத்தலில அடைக்கிறதுதான் வேலை. புரோக்கர் கூட்டிச் சொல்லிப்போட்டார்."

அருள்நாயகம் காப்புக் கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார். யாழ்ப்பாணத்தில் தபாலதிபராக இருந்தவர். தொண்ணூறில் ரொறன்ரோ வந்து ஆறு வருடமாகியும் தன் தகுதிக்குக் கீழே எந்த வேலைக்கும் போகாதவர். மகளுக்கு யூனிவேர்சிற்றி கொடுக்கும் உதவிப்பணத்தில்தான் வீடு ஓடியது.

"பட்டினி கிடந்தாலும் கூலி வேலைக்குப் போகாத குடும்பம் எங்கட. போத்தல் அடைக்கிறவனுக்கு என்ர பிள்ளையைத் தரமாட்டன்."

ராகுலன் மணிக்கூட்டைப் பார்த்துவிட்டு, கதிரை ஒன்றை அவர் பக்கம் இழுத்து வைத்தான்.

"இருங்கோ அங்கிள். துவாரகாவுக்கு இஞ்ச மூண்டு மணிக்குத்தான் வேலை முடியும்."