இறக்கு!

"வேலை, வீடு, குடும்பம் எல்லாம் அப்புறம் பேசிக்கலாம் தம்பி. அந்த ஆளோட சிலை விஷயத்துல நீங்க எந்தப் பக்கம்? அதை முதல்ல சொல்லுங்க."

பெண் கேட்டு வந்திருந்த பையன் திருதிருவென விழித்தான். அச்சகத்தின் முன்னறையில், பேப்பர் கட்டுகளுக்கு நடுவே ஒரு ஸ்டூலைப் போட்டு அவனை உட்கார வைத்திருந்தார் அச்சகக்காரர். அவருடைய ஒரே மகள் பக்கத்து மேஜையில் தலை நிமிராமல் புரூஃப் திருத்திக்கொண்டிருந்தாள். இரண்டு வருடக் காதல். அப்பா சரி என்றால் கல்யாணம், இல்லையென்றால் இல்லை என்று மகள் முன்பே சொல்லிவிட்டதால், அச்சகக்காரர் சற்று நிமிர்ந்தே உட்கார்ந்திருந்தார்.

'அந்த ஆள்' என்றால், செத்து நாற்பத்தைந்து வருடம் ஆன பழைய தலைவர். பாலம் கட்டினார், பள்ளிக்கூடம் கட்டினார் என்று பாதி ஊர் அவரைக் கும்பிடும். எதிர்த்துப் பேசினவர்களையெல்லாம் உள்ளே தள்ளினார் என்று மீதி ஊர் கரித்துக் கொட்டும். ஒரு நோட்டீஸ் அடித்துக் கொடுத்த குற்றத்துக்காக அச்சகக்காரரின் அப்பாவை இரண்டு வருடம் சிறையில் போட்டது அவர் ஆட்சிதான். அப்பா இல்லாத அந்த இரண்டு வருடத்தை அச்சகக்காரர் இன்றைக்கும் மறக்கவில்லை.

அதனால்தான் பஸ் ஸ்டாண்டில் நிற்கும் சிலையை எடுக்கச் சொல்லி இருபது வருடமாக ஒரு குழு நடத்துகிறார். தலைவர், செயலாளர், பொருளாளர் மூவரும் அவரேதான். 'அகற்றுக' என்று போட்டால் எழுத்து இளைத்துவிடுகிறது என்பதால், தாள் முழுக்கக் கொட்டை எழுத்தில் 'இறக்கு!' என்று அடித்து ஊரெல்லாம் ஒட்டுவார். பசை காய்ந்ததுதான் மிச்சம், சிலை அசைந்து கொடுக்கவில்லை.

"பக்கம்லாம் ஒண்ணும் இல்லைங்க," என்று இழுத்தான் பையன். "நான் உண்டு, என் வேலை உண்டுன்னு இருக்கறவன்."

"இந்த மழுப்பல் எல்லாம் வேண்டாம். சிலையை இறக்கணுமா, வேண்டாமா?"

"இறக்கணும்னு கூப்பிட்டா போய் இறக்கிடுவேங்க. இதுவரைக்கும் அவர் சிலை மட்டுமே ஆறு இறக்கியிருக்கேன்."

அச்சகக்காரர் கையிலிருந்த பேனா நழுவித் தரையில் விழுந்தது.

"ஆறா?"

"ஆறுங்க. எல்லாம் வெளியூர்ல."

"நீங்களே உங்க கையாலயா?"

"கூட ரெண்டு பேர் கயிறு பிடிப்பாங்க. மத்தபடி நான்தான்."

"யாருக்கும் தெரியாமலா?"

"சேச்சே, பட்டப்பகல்லதாங்க. ஊரே கூடி நிக்கும். கை தட்டுவாங்க. ஒரு ஊர்ல எனக்கே மாலை போட்டுட்டாங்க, வெட்கமாப் போச்சு."

"போலீஸ் சும்மாவா விட்டுது?"

"அவங்கதாங்க ரெண்டு பக்கமும் வண்டியை நிறுத்தி வழி பண்ணிக் குடுப்பாங்க."

"ஏம்மா, கேட்டியா இதை!"

மகள் உதட்டைக் கடித்துக்கொண்டு ஒரு காற்புள்ளியைத் திருத்தினாள். "காதுல விழுதுப்பா."

அச்சகக்காரர் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு பையனுக்கு நெருக்கமாக வந்தார். "எப்படி? கழுத்துல சுருக்கு மாட்டி ஒரே இழுப்பா?"

"ஐயையோ! கழுத்துல மாட்டவே கூடாதுங்க, உடைஞ்சு போயிடும். அக்குள்லயும் இடுப்புலயும் பெல்ட்டைப் போட்டு, கைக்குழந்தையைத் தூக்கற மாதிரி மெதுவாத் தூக்கணும். மூக்கு நுனியில ஒரு கீறல் விழுந்தாலும் நமக்குத்தானே கெட்ட பேரு?"

அச்சகக்காரர் உருகிப் போனார். "இதைத்தான் தம்பி நானும் தொண்டை கிழியக் கத்தறேன்! சிலையை இறக்கு, சேதப்படுத்தாதேன்னு. எவன் கேக்கறான்?"

இப்படியும் ஒரு பிள்ளையா என்று அவருக்கு ஆச்சரியம் தாங்கவில்லை. அலட்டல் இல்லை, பீற்றல் இல்லை, ஏதோ அலமாரியை நகர்த்தின மாதிரி சொல்கிறான். இருபது வருடமாக அந்தச் சிலையின் சுண்டுவிரலைக்கூட அசைக்க முடியாத தன்னை நினைத்து லேசாக வெட்கமும் வந்தது. பெண்ணுக்குத் தேடினாலும் கிடைக்காத மாப்பிள்ளை. இவன் கையை விட்டால் தன்னைப் போல ஒரு முட்டாள் உலகத்தில் இல்லை.

"எங்கப்பா இன்னிக்கு இருந்திருந்தா உங்களைக் கட்டிப் பிடிச்சு அழுதிருப்பார்," என்றார். சொல்லும்போது அவருக்கே குரல் உடைந்தது. "ஏம்மா, கல்யாணத் தேதியைக் குறிச்சுடலாம். பத்திரிகை நம்ம அச்சகத்துலயே. இது என் வாக்கு. இனிமே யார் வந்து என்ன சொன்னாலும் இதுல மாற்றம் கிடையாது."

"நிஜமாவாப்பா?" மகள் பேனாவை மூடி வைத்தாள். "யார் என்ன சொன்னாலுமா?"

"யார் சொன்னாலும்!" என்று மேஜையைத் தட்டினார் அச்சகக்காரர். பிறகு பையனின் இரண்டு கைகளையும் சேர்த்துப் பிடித்துக்கொண்டார். "ஊர் ஊரா இறக்கறீங்களே மாப்பிள்ளை, மாமனார் ஊர்ல ஒண்ணு இறக்கித் தரக் கூடாதா?"

"நாளைக்குக் காலையிலயே இறக்கறேன் மாமா. பத்து மணிக்கு. அந்த வேலையாத்தான் இந்த ஊருக்கே வந்தேன், வந்த இடத்துல உங்களையும் பார்த்துடலாம்னு..."

அச்சகக்காரர் அந்தக் கைகளை இன்னும் இறுக்கிப் பிடித்துக்கொண்டார். கண்ணில் தண்ணீர் முட்டியது. மேஜைமேல் மாப்பிள்ளையின் போன் அடித்தது. அவன் கைகள் இரண்டும் அப்பாவின் பிடியில் இருந்ததால், மகள்தான் எழுந்து வந்து அதை ஸ்பீக்கரில் போட்டாள்.

"கிரேன்காரண்ணே, புதுச் சிலையை ஏத்திக்கிட்டு லாரி வந்துடுச்சு. பஸ் ஸ்டாண்டுல இருக்கறது சின்னதாத் தெரியுதாம், அதனால குதிரையோட சேர்த்துப் பதினெட்டு அடி. ரயில்வே ஸ்டேஷன் வாசல்ல தகரம் அடைச்சு ரகசியமாக் கட்டின பீடமும் நல்லாக் காஞ்சிடுச்சு, நாளைக்குப் பத்து மணிக்கு வந்து அலுங்காம அதுமேல இறக்கி வச்சுடுங்கண்ணே!"