உதவாக்கரைப் பலகை

நல்லரெத்தினம் முதுகில் நெல்மூட்டையோடு வந்து நின்றதும் முஸ்பிறா ஓரடி பின்வாங்கினாள்.

ஒலுவில் துறைமுகத்துச் சீமெந்துத் தரையில், அவள் செய்த ஸ்கேட்போர்ட் சில்லுகள் கழற்றப்பட்டு, இரண்டு கற்களுக்கு மேல் பாலம்போலக் கிடந்தது. சுற்றிலும் நல்ல கூட்டம். அஸர் தொழுதுவிட்டு வந்தவர்கள், வலையைப் பாதியில் போட்டுவிட்டு வந்தவர்கள், விரிவுரைக்கு டிமிக்கி கொடுத்துவிட்டு வந்த கெம்பஸ் பிள்ளைகள்.

எல்லாம் அந்த ஸ்டிக்கர் செய்த வேலை.

கல்முனையில் அது ஒட்டாத லைட் கம்பம் இல்லை. கொழும்புக் கம்பனி ஒன்றின் பெரிய பதாகையில், பளபளக்கும் ஸ்கேட்போர்ட்டைக் கட்டிப்பிடித்துக்கொண்டு சிரிக்கும் பையனின் நெற்றியிலும் ஒன்று இருந்தது.

"உதவாக்கரைப் பலகை. உடைத்துக் காட்டுபவருக்கு எங்கள் கம்பனியே சொந்தம்."

கம்பனி என்றதும் பெரிதாக எண்ணிவிட வேண்டாம். முஸ்பிறா, பாண்டிருப்பிலிருந்து வரும் கிருசிகா, மரம் அறுக்கும் ஒரு வாள், ஒரு டின் பசை. அவ்வளவுதான். கடையில் வாங்கிய பலகைகளெல்லாம் இந்த உப்புக்காற்றில் ஒரு மழைக்குள் அடுக்கடுக்காகப் பிரிந்து வாயைப் பிளந்ததைப் பார்த்து, வெறுத்துப்போய்த்தான் இருவரும் தாங்களே செய்யத் தொடங்கினார்கள்.

பெயர் கொடுத்தவர் முஸ்பிறாவின் வாப்பா கச்சிமுகம்மது முதலாளி. முதலாவது பலகையைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "உதவாக்கரை வேலை" என்று சொல்லிவிட்டுத் தன் நெல்மில்லுக்குப் போனார். அவள் அதையே கொட்டை எழுத்தில் பலகையின் அடியில் எழுதிவிட்டாள்.

அதன்பிறகு அவர் பலகையைப் பற்றி ஒரு வார்த்தை கதைக்கவில்லை. ஏசியிருந்தால்கூட அவளுக்கு இவ்வளவு நொந்திருக்காது.

பலகைக்கு வளைவு வரவேண்டுமென்றால், மெல்லிய மரத்தகடுகளைப் பசை பூசி அடுக்கி, அச்சில் வைத்து, ஒரு வாரம் அசையாமல் அமுக்க வேண்டும். அதற்கு மெஷின் வாங்க அவர்களால் முடியாது. ஆனால் வாப்பாவின் மில்லில் மூட்டைகள் இருந்தன.

வெள்ளிக்கிழமை ஜும்ஆ நேரத்தில் மில் முழுவதும் பள்ளிவாசலுக்குப் போய்விடும் என்பது முஸ்பிறாவின் கணக்கு. அந்த நேரம் பார்த்து இருவரும் உள்ளே புகுந்து, கடைசி மூலை அடுக்கில் ஆறு மூட்டைகளை இழுத்துப் புரட்டி, அடியில் அச்சை வைத்து, இடுப்பு ஒடிய மறுபடி ஏற்றிவிட்டு ஓடிவந்தார்கள்.

மறுநாளே நெல் ஏற்ற லொறி வந்தது. முஸ்பிறாவுக்கு உயிர் போய் வந்தது. நல்ல வேளை, அந்த மூலை அடுக்கு விதைநெல், அதில் ஒருவரும் கைவைக்கக் கூடாது என்று வாப்பா லொறிக்காரருக்குச் சொல்வது வீட்டு ஜன்னல்வரை கேட்டது. இருக்கிற அடுக்குகளில் பார்த்து விதைநெல்லின் அடியில் வைத்திருக்கிறோமே என்று இருவரும் தங்கள் அதிர்ஷ்டத்தை மெச்சிக்கொண்டார்கள். அன்றிலிருந்து ஒவ்வொரு பலகைக்கும் அந்த மூலைதான்.

இப்போது நல்லரெத்தினத்தின் முதுகில் இருந்தது அந்த மூலை மூட்டை. அந்த அடுக்கு மூட்டைகளின் நீல நூல் தையலைப் பார்த்ததுமே அவளுக்குத் தெரிந்துவிட்டது.

அவர் வாப்பாவின் மில்லில் மூட்டை சுமக்கும் நாட்டாமி. ஊரிலேயே பெரிய உடம்பு. வாப்பா அனுப்பாமல் அவர் இவ்வளவு தூரம் வந்திருக்க மாட்டார். விதைநெல்லைக்கூட எடுத்துக் கொடுத்து அனுப்பியிருக்கிறார் என்றால், வாப்பாவுக்கு இந்தக் கம்பனி மேல் அவ்வளவு கோபமா?

பலகை உடைந்தால் கம்பனி வாப்பாவின் கைக்குப் போகும். நாளைக்கே மில் அடுப்பில் விறகாகும்.

"மூட்டையோட ஏறக்கூடாதெண்டு நாம ஸ்டிக்கர்ல போடல்லயே புள்ள," என்றாள் கிருசிகா, ஈனக்குரலில். அந்த வசனத்தை எழுதியவளே அவள்தான்.

நல்லரெத்தினம் செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்தார். ஒரு காலை வைத்தார். மற்றக் காலையும் வைத்தார்.

பலகை வளைந்தது. முனகியது. முஸ்பிறா கண்ணை மூடிக்கொண்டு பிஸ்மி சொன்னாள்.

அவர் சும்மா நிற்கவில்லை. மூட்டையோடு முழங்காலை மடக்கி இரண்டு தரம் குலுக்கியும் பார்த்தார். கூட்டம் இன்னும் கிட்ட நெருங்கியது.

பிறகு ஒன்றும் நடக்காததுபோல இறங்கினார். பலகை எழும்பித் தன் பழைய வளைவுக்கு வந்து நின்றது.

கெம்பஸ் பிள்ளைகள் விசிலடித்தார்கள். மீன்பிடிக்காரர் ஒருவர் தன் மகனுக்கு ஒன்று வேண்டுமென்று கிருசிகாவிடம் கேட்டுக்கொண்டிருந்தார். முஸ்பிறாவுக்கு மட்டும் சந்தோஷத்தோடு அழுகையும் வந்தது.

நல்லரெத்தினம் மூட்டையை அவளுடைய காலடியில் இறக்கிவிட்டு முகத்தைத் துடைத்தார்.

"வெள்ளிக்கிழம எல்லாரும் பள்ளிக்குப் போனா நான் எங்க போற, மகள்? சோத்தத் திண்டுட்டு மூட்டைக்குப் பின்னாலதான் படுத்துக் கிடந்தன்."

கிருசிகா நாக்கைக் கடித்துக்கொண்டாள். நல்லரெத்தினமும் அவளைப்போலப் பள்ளிவாசலுக்குப் போகாத பாண்டிருப்புக்காரர்தான். ஜும்ஆ கணக்கில் அவரை இருவருமே மறந்துபோயிருந்தார்கள்.

"ஆறு மூட்டையத் தாங்கினது ஒண்டத் தாங்காதா, ஊர் பாக்கட்டும் எண்டு முதலாளிதான் அனுப்பின," என்றார் அவர். "இது விதைநெல்லும் இல்ல மகள். நீங்க பலகைய உள்ளுக்கு வெச்சத நான் போய்ச் சொன்ன அண்டைக்குத்தான், வாப்பா அந்த அடுக்குக்கு விதைநெல்லு எண்டு பேர் வெச்ச."