இரண்டாம் சரணம்

"உவர் அல்பேட்ஸ்காரனே? எனக்கெண்டால் நம்பிக்கையில்லை!"

மைதானத்தின் நடுவில் நின்று கஸ்பர் போட்ட சத்தம் ஸ்காபரோ முழுக்கக் கேட்டிருக்கும்.

அன்று சென் கிளமென்ட்ஸ் கல்லூரிக்கும் சென் அல்பேட்ஸ் கல்லூரிக்கும் பெரிய மட்ச். யாழ்ப்பாணத்தில் தொடங்கிய உதைபந்தாட்டப் போட்டி. பழைய மாணவர்கள் விமானம் ஏறியபோது அதையும் கையோடு ரொறன்ரோவுக்குக் கொண்டுவந்துவிட்டார்கள். கிளமென்ட்ஸ் நீலம், அல்பேட்ஸ் பச்சை. பழைய மாணவர் மட்டும்தான் விளையாடலாம். பதினொரு பேரை இறக்க முடியாத பக்கம் தோற்ற பக்கம். தோற்றவர்கள் வென்றவர்களுக்குக் கூழ் காய்ச்சி ஊற்ற வேண்டும்.

கஸ்பர் நீலப் பக்கத்துச் செயலாளர். மேளத்தைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு, "பச்சைக்கிளியளே, பறந்து போங்கோ!" என்று வருசாவருசம் தொண்டை கிழியக் கத்துகிறவர். அந்த வாய்க்காகவே பச்சைப் பக்கத்தில் அவரைக் கண்ணில் காட்டக்கூடாது.

இந்தமுறை பச்சைக்குப் பத்துப் பேர்தான். கோல் காக்கிறவனின் மனைவிக்குக் காலையில் பிள்ளைவலி கண்டு, மனிதன் ஆஸ்பத்திரிக்கு ஓடிவிட்டான். கப்டன் றூபன் என்ன செய்வான்? மிசிசாகாவில் தன்னோடு வேலை செய்யும் தியாகுவுக்குப் பச்சை ஜேர்சியை மாட்டிக் கொண்டுவந்து நிறுத்திவிட்டான்.

"எந்த வருசம் படிச்சனீர்?" கஸ்பர் கேட்டார்.

"தொண்ணூத்தெட்டு பேட்ச், சார்."

"பேச்சு மதுரைப் பக்கம் மாதிரியெல்லோ கிடக்கு!"

றூபன் அவரை ஓரமாக இழுத்தான். "கஸ்பர் அண்ணை, எங்கடை பக்கம் ஆள் சேர்க்கிறதே பெரும்பாடு. இண்டைக்கு மட்ச் நிண்டுதெண்டால் அடுத்த வருசம் ஒருத்தரும் வரமாட்டினம். உதோடை எல்லாம் முடிஞ்சுது. கொஞ்சம் கண்ணை மூடுங்கோவன்."

"வழக்கம் வழக்கம்தான். ஆளிலை சந்தேகமெண்டால் கல்லூரிக் கீதம் பாடவேணும். ரெஃபரி, இஞ்சை வாங்கோ!"

ரெஃபரி சச்சிதானந்தன் இரண்டு கல்லூரியிலும் படிக்காதவர். அதனால்தான் விசில் அவரிடம் இருந்தது.

"பாடும் தம்பி," என்றார்.

தியாகு பாடினான். முதல் சரணம் பிசகில்லாமல் வந்தது. பச்சைப் பக்கம் கைதட்டியது.

"இரண்டாம் சரணம்?" என்றார் கஸ்பர்.

தியாகு றூபனைப் பார்த்தான். றூபன் புல்லைப் பார்த்தான்.

"சாரி சார். கார்ல வரும்போது இவ்வளவுதான் சொல்லிக்கொடுத்தாரு."

நீலப் பக்கம் விழுந்து விழுந்து சிரித்தது. பச்சைப் பக்கத்திலிருந்து வசவு பறந்தது. "கூழுக்கு அலையிற மனுசன்!" "விளையாடாமலே கப் தூக்கப் பாக்கிறார்!"

கஸ்பரின் மனைவி ஜோசப்பினுக்கே பொறுக்கவில்லை. "என்னப்பா, ஒரு விளையாட்டுக்கு இவ்வளவோ? அந்த றூபன்ரை முகத்தைப் பாருங்கோ. பாவமாக் கிடக்கு."



ரெஃபரி பச்சைப் பக்கம் திரும்பினார். "வேறை அல்பேட்ஸ் பழைய மாணவர் ஆரும் நிக்கினமோ? இல்லாட்டிக் கப் நீலத்துக்கு."

அங்கே மிச்சமிருந்தவர்கள் பெண்களும் பிள்ளைகளும், முழங்கால் சத்திரசிகிச்சை செய்த ஒருவரும்தான். றூபன் கையை விரித்தான். நீலக் கப்டன் மரியோ கப்பைத் தூக்கவே போய்விட்டான்.

"பொறு மரியோ. வை அதை."

கஸ்பர் மேளத்தைக் கழற்றி ஜோசப்பினிடம் கொடுத்தார். தொப்பியையும் கழற்றினார். பள்ளிக்கூடப் பிள்ளைபோலக் கையைக் கட்டிக்கொண்டு நேராக நின்றார். பாடத் தொடங்கினார்.

"அலைமோதும் கரைமீது விளக்காகி நின்றாய், அல்பேட்ஸ் அன்னையே..."

அது பச்சைக்காரரின் இரண்டாம் சரணம். ஒரு சொல்கூடப் பிசகவில்லை. பச்சைக்காரரிலேயே பாதிப் பேருக்கு மறந்துபோன சரணம் அது. வாயைப் பிளந்துகொண்டு நின்றார்கள்.

"ஏழாம் வகுப்பு வரைக்கும் நான் அங்கைதான் படிச்சனான்," என்றார் கஸ்பர், ஒருவரையும் பார்க்காமல். "பிறகு வீடு மாறி கிளமென்ட்ஸுக்குப் போனன். போன முதல் நாளே 'பச்சைக்கிளி, பச்சைக்கிளி' எண்டு துரத்தித் துரத்தி அடிச்சாங்கள். அண்டையிலயிருந்து எல்லாரையும்விடச் சத்தமா நான்தான் கத்திறது."

"எனக்குக்கூடச் சொல்லேல்லையே!" என்றாள் ஜோசப்பின்.

றூபனுக்குக் கண் கலங்கிவிட்டது. "அண்ணை, இனி உங்கடை ஆக்கள் உங்களைச் சும்மா விடமாட்டினம். சாகுமட்டும் நக்கலடிப்பினம்."

"அடிக்கட்டும். கள்ள ஆளை வைச்சு ஆடின மட்சும் மட்சில்லை, ஆளில்லாத பக்கத்தை வெண்டு குடிக்கிற கூழும் தொண்டையிலை இறங்காது. தியாகு தம்பி, அந்த ஜேர்சியைக் கழட்டித் தாரும். கோலுக்கு நிக்க வயிறு ஒரு தடையில்லை."

ரெஃபரி பச்சைப் பக்கத்தை எண்ணிப் பார்த்து விசிலை வாயில் வைத்தார்.

கஸ்பர் வயிற்றில் இறுகிய பச்சை ஜேர்சியோடு கோல் கம்பங்களுக்கு நடுவே போய் நின்றார். கைகளை அகல விரித்து, தன் நீலக்காரரைப் பார்த்துத் தொண்டை கிழியக் கத்தினார்:

"வாங்கோடா! இந்தப் பச்சைக்கிளிக்கு ஒரு கோல் அடிச்சுக் காட்டுங்கோ பாப்பம்!"