பாதித் தரை

"டைல்ஸ் மேஸ்திரி வீட்டிலேயே பாதித் தரைக்கு டைல்ஸ் இல்லேன்னா ஊர் சிரிக்காதா அண்ணே?"

வங்கியிலிருந்து வந்திருந்த இளைஞர் சிரித்துக்கொண்டேதான் கேட்டார். வந்து கால் மணி நேரமாக அவர் கண் அந்தத் தரையை விட்டு நகரவில்லை. சமையலறையும் படுக்கையறையும் பளபளவென்று இருந்தன. கூடத்தின் நடுவே, நூல் பிடித்தாற்போல, டைல்ஸ் நின்றுவிட்டது. அங்கிருந்து வாசல்வரை வெறும் சிமெண்ட்.

"சிரிக்கத்தான் செய்யுது," என்றார் மேஸ்திரி. "போன வாரம் என் மச்சான் வந்திருந்தான். ஊருக்கெல்லாம் தரை போடுறீங்க, சொந்த வீட்டுக்குக் கை வராதான்னு கேட்டுட்டுப் போனான்."

"எட்டு வருஷமா அதையேதான் கேட்கிறான்," என்றாள் அவர் மனைவி. ஜன்னலோரம் தையல் மெஷினை மிதித்துக்கொண்டிருந்தவள் தலையை நிமிர்த்தவில்லை.

வந்தவருக்கு உள்ளூரக் குஷி. இந்த மாதக் கணக்குக்கு இன்னும் ஒரு கையெழுத்துதான் பாக்கி. அது இந்தப் பாதித் தரையில் கிடக்கிறது என்று முடிவு கட்டிவிட்டார்.

"உங்க வீட்டுக் கடனை எங்க வங்கிக்கு மாத்திடலாம் அண்ணே. பாக்கி எவ்வளவு?"

"பத்து லட்சம்."

"வட்டி அரை சதவீதம் கம்மி பண்ணித் தர்றோம். கூடவே தரைக்குன்னு கையில ரெண்டு லட்சம். இப்ப மாசம் பதினெட்டாயிரம் கட்டுறீங்க. இனிமே பத்தாயிரத்து ஐந்நூறுதான்."

மேஸ்திரி முழங்காலைத் தடவிக்கொண்டார். இத்தனை வருஷம் மண்டியிட்டே சம்பாதித்த கால்கள். மாதம் ஏழாயிரத்து ஐந்நூறு மிச்சமானால் ஞாயிற்றுக்கிழமைகளில் வேலைக்குப் போக வேண்டாம். அந்த நினைப்பே சுகமாக இருந்தது. ஆசையை மறைக்கத் தெரியாத முகம் அவருக்கு. அப்படியே திரும்பி மனைவியைப் பார்த்தார்.

அவள் மெஷினை நிறுத்தினாள். "எத்தனை வருஷத்துக்கு தம்பி?"

"உங்களுக்குப் பாரமே தெரியாத மாதிரி வச்சிடலாம் அக்கா."

"எத்தனை வருஷம்?"

"இருபது," என்றார், டம்ளரில் இல்லாத தண்ணீரைக் குடித்துக்கொண்டே.

துணியில் குறி போடும் சாக்பீஸை எடுத்துக்கொண்டு அவள் சிமெண்ட் தரையில் சம்மணமிட்டு உட்கார்ந்தாள். "இப்ப இருக்கிற கடன் இன்னும் ஆறு வருஷத்துல முடியுது."

"ஆறா? இருபது லட்சம் வாங்கி எட்டு வருஷம்தானே ஆச்சு? அதுக்குள்ள பாதி அசல் முடிஞ்சிடுச்சா?"

"தானா முடியலை. முதல் வருஷம் ரெண்டு லட்சத்துக்கு மேல கட்டினோம். அசல்ல கழிஞ்சது முப்பத்தேழாயிரம். மத்ததெல்லாம் வட்டி. அந்தத் தாளைப் பார்த்துட்டு நான் ரெண்டு நாள் சரியாச் சாப்பிடலை. மூணாவது நாள் இந்த மெஷினை வாங்கினேன். தையல் காசு தவணைக்கு மேல அசலுக்குப் போகுது."

சொல்லிக்கொண்டே தரையில் எழுதினாள். "ஆறு வருஷம் பதினெட்டாயிரம் கட்டினா பதிமூணு லட்சம். நீங்க சொல்றபடி இருபது வருஷம் கட்டினா இருபத்தஞ்சு லட்சம். வித்தியாசம் பன்னிரண்டு. அதுல எங்க கைக்கு வர்றது ரெண்டு."

"அப்படிப் பார்க்கக் கூடாது அக்கா. மாசத் தவணையைத்தான் பார்க்கணும்."

"நான் சட்டையில பார்க்கிறேன் தம்பி. ஒரு சட்டை தைச்சா எனக்கு முந்நூறு. பன்னிரண்டு லட்சத்துக்கு நாலாயிரம் சட்டை. உங்க ரெண்டு லட்சத்துக்கு எழுநூறு சட்டை போதும். மிச்சமெல்லாம் நான் யாருக்காகத் தைக்கணும்?"

மேஸ்திரி வாய்விட்டுச் சிரித்தார். "கேட்டுக்கிட்டீங்களா? இதுக்கப்புறம் நான் கையெழுத்துப் போட்டா எனக்குச் சோறு கிடையாது." முழங்கால் வலி அப்படியேதான் இருந்தது. ஆனால் ஆறு வருஷம் என்பது திடீரென்று எட்டிப் பிடிக்கிற தூரத்தில் தெரிந்தது. அவருக்கு நிஜமாகவே சந்தோஷம்.

வந்தவர் காகிதங்களைப் பைக்குள் வைத்தார். கையெழுத்து போன வருத்தம் இருந்தாலும் ஆள் நல்லவர்.

"கடன் கிடக்கட்டும் அக்கா. தெரிஞ்ச கடை ஒண்ணு இருக்கு. கொஞ்சம் கொஞ்சமாக் காசு கொடுத்தாப் போதும், மிச்சத் தரைக்கு டைல்ஸ் வாங்கித் தர்றேன். எட்டு வருஷமா சிமெண்ட்ல நடக்கிறீங்களே, எனக்கே கஷ்டமா இருக்கு."

கணவனும் மனைவியும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். அவள் எழுந்துபோய்ப் பின்பக்க அறைக் கதவைத் திறந்தாள்.

உள்ளே கூரை முட்ட டைல்ஸ் பெட்டிகள். எல்லாம் கூடத்தில் பாதியில் நின்ற அதே நிறம்.

"வீடு வாங்கின வருஷமே ஒரு காண்ட்ராக்டர் இவர் கூலிக்குப் பதிலாக் கொடுத்தது," என்றாள். "வாசல் வரைக்கும் போட்டாலும் மிஞ்சும்."

"அப்புறம் ஏன் போடலை?"

"வருஷா வருஷம் அசல்ல எவ்வளவு கழியுதோ, அவ்வளவு தரைக்குத்தான் போடுவோம். சிமெண்ட்டா இருக்கிறது இன்னும் வங்கியோட வீடு. அவங்க தரைக்கு என் புருஷன் எதுக்கு தம்பி டைல்ஸ் போடணும்?"