உயர்த்திய கை

கல்குவாரித் தூசியைப் பற்றிப் படம் எடுக்கத் தனியாளாக வந்த இளஞ்சேரன், அன்றைக்கு ஏழு முறை கையை உயர்த்தி இறக்கினான். கை இறங்கினால் குருவம்மாவின் புருஷன் சங்கிலி கல்லைச் சுமந்து மேடேறி, உச்சியில் நின்று இரும வேண்டும்.

"வெளிச்சம் சரியில்லண்ணே, இன்னொரு தடவை."

நெஞ்செல்லாம் தூசி அடைத்திருந்த சங்கிலி சிரித்துக்கொண்டேதான் இறங்கி வந்து குருவம்மாவிடம் சொன்னான். "நம்ம கஷ்டத்த நாலு பேரு பாக்கட்டும் புள்ள."

படத்தை நாலு நாட்டில் பார்த்தார்கள். குவாரி அதுபாட்டுக்கு ஓடிக்கொண்டிருந்தது.

பரிசு வாங்கிய கையோடு இளஞ்சேரன் திரும்பி வந்தபோது, சங்கிலியைப் புதைத்து நாற்பது நாளாகியிருந்தது. அதே மேட்டின் அடியில் இருந்த குழிமேட்டுக்குக் குருவம்மா அவனைக் கூட்டிப்போனாள். அவன் மண்டியிட்டுத் தேம்பித் தேம்பி அழுதான். பொய் அழுகை இல்லை, அது அவளுக்கும் தெரிந்தது. அவன் முகத்தைத் துடைத்துக்கொண்டு எழும்வரை பொறுத்திருந்தாள். பிறகு வானத்தை அண்ணாந்து பார்த்தாள்.

"வெளிச்சம் சரியில்ல தம்பி. அங்க கெடக்குற கல்லத் தூக்கிக்கிட்டு மேல போயி, இன்னொரு தடவை அழுங்க."

விளையாட்டில்லை என்று அவள் முகம் சொன்னது. இளஞ்சேரன் கல்லைத் தூக்கித் தோளில் வைத்துக்கொண்டு அவளைப் பார்த்தான். குருவம்மா கையை உயர்த்தினாள். இறக்க அவளுக்கு அவசரமில்லை.