எரிந்த பஸ்ஸும் வீரணனின் கேனும்

நிச்சயம் பேசக் கூடத்தில் இருந்தவர்கள் சோலைமலை, அவர் மகள் யாழினி, மாப்பிள்ளையின் பெற்றோர் தணிகாசலம், கோமளம். சுவர்த்திரையில், செத்துப்போன வீரணன், சோலைமலையின் அப்பா.

ஜாதகம் பொருந்திவிட்டது. இனி முகப் பொருத்தம். குடும்பத்து முகங்கள் பழைய வீடியோக்களில் எங்கே இருக்கின்றன என்று கம்ப்யூட்டரில் தேடிப் பார்க்காமல் இப்போது யாரும் தட்டு மாற்றுவதில்லை. கலவரத்தைப் பற்றிய பழைய டிவி ஆவணப்படத்தில், கையில் கேனோடு வீரணன் எரியும் பஸ்ஸை நோக்கி ஓடினார். காட்சி அங்கேயே முடிந்தது.

"மண்ணெண்ணெயா?" என்றாள் கோமளம்.

"எங்கப்பா பால்காரரும்மா." சோலைமலை நாற்காலியின் நுனியில் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார். பஸ்ஸை எரித்தவன் மகன் என்றுதான் சிறு வயதிலிருந்தே ஊர் அவரைச் சொல்லும். அப்பாவோ கடைசிவரை அதைப் பற்றி வாயே திறக்கவில்லை.

"அப்பா, தாத்தா இன்னொரு படத்துலயும் இருக்காரு!" என்றாள் யாழினி.

அது அதே பஸ்ஸை எதிர்ப்பக்கம் நின்று வேறொருவர் எடுத்தது. வீரணன் கேனைக் கவிழ்த்தார். எரிந்துகொண்டிருந்த இருக்கைமேல் வெள்ளையாகப் பால் கொட்டியது. தீ அடங்கியது.

சோலைமலை அன்றுதான் நாற்காலியில் சாய்ந்து உட்கார்ந்தார்.

"இவ்வளவு சட்டுனு அணைஞ்சுதே, தண்ணிப் பாலா சம்பந்தி?" என்று சிரித்தபடி தணிகாசலம் தட்டை எடுத்தார்.

வீரணன் பாலில் தண்ணீர் கலந்தார் என்று இப்போது ஊரில் ஒரு பேச்சு. கலக்கவில்லை.