திவான் கடைசியாகச் சொன்னது

திவான் பஞ்சநதய்யரின் வாழ்க்கைச் சரித்திரத்தை எழுதுகிறவர் கடைசி அத்தியாயத்துக்கு வந்திருந்தார். திவானின் உயிர் பிரிந்தபோது கூட இருந்தவள் மனைவி கோமளம் ஒருத்திதான்.

“கடைசியா என்ன சொன்னார், அம்மா?”

தேசத்தைப் பற்றி நான்கு வரிகள் எழுதி, சரித்திரத்தில் இதுதான் வரவேண்டும் என்று ஒரு மாதமாக அவளை மனப்பாடம் செய்ய வைத்திருந்தார் திவான். ஒரு சொல்கூட அவளுக்கு மறக்கவில்லை. கவர்னர் துரை விருந்துக்கு வரும் நாளென்று, சாகக் கிடந்த மகளைப் பார்க்க அவர் தன்னை அனுப்பாததும் மறக்கவில்லை.

“மோர் கேட்டார்.”

எழுத்தாளர் விழித்தார். “பிரஜைகளைப் பத்தி, சமஸ்தானத்தைப் பத்தி ஏதாவது…?”

கோமளம் நிதானமாக யோசித்தாள்.

“புளிக்கிறதுன்னார். எழுதிக்கோங்கோ.”